கற்பனைச் சமயங்களில் காற்றும் மூச்சும்: தமிழ் மொழிபெயர்ப்பில் எழும் பொருண்மைச் சிக்கல்கள்

1. முன்னுரை

மிகைபுனைவு இலக்கியம் படைப்போர் தம் கற்பனை உலகிற்கு நிலமும் அரசும் மொழியும் வகுப்பதோடு சமயமும் வகுத்தளிக்கின்றனர். அச்சமயத்தின் கோயில், குருமார், சடங்கு ஆகியவற்றை வருணனையால் புலப்படுத்திவிட இயலும். ஆனால் அதன் நம்பிக்கை, அச்சமயத்தார் நாள்தோறும் வழங்கும் சில சொற்களிலேயே தங்கியிருக்கிறது. காற்றையும் மூச்சையும் போற்றும் கற்பனைச் சமயங்களில் இவ்வுண்மை மேலும் தெளிவாகப் புலப்படுகிறது. காற்று கட்புலனாகாதது, அதற்கு உருவம் அமைத்தல் அரிது. எனவே பிற சமயங்களில் படிமமும் தலமும் ஆற்றும் பணியில் பெரும்பகுதியை இங்குச் சொல்லே ஆற்ற வேண்டியுள்ளது.

இத்தகைய படைப்புகளைத் தமிழாக்க முற்படும் மொழிபெயர்ப்பாளர் முதல் பக்கங்களிலேயே ஒரு தடையை எதிர்கொள்கிறார். மூலத்தில் ஒரே சொல்லாக நிற்பது தமிழில் காற்று, வளி, வாயு, மூச்சு, உயிர், உயிர்ப்பு, ஆவி, பிராணன், ஆன்மா எனப் பலவாகப் பிரிகிறது. இவற்றுள் ஒவ்வொன்றும் தனக்கெனச் சமய வரலாறு உடையது. ஒன்றைத் தேர்ந்தெடுத்த அளவிலேயே கற்பனைச் சமயம் கிறித்தவத்தின் சாயலையோ, யோக நெறியின் சாயலையோ, பேய்க்கதையின் சாயலையோ பெற்றுவிடுகிறது. ஆகவே இங்குச் சொல்லுக்குச் சொல் தேடுவது பயன் தராது. மூலத்தின் சொற்புலத்திற்கு ஈடாகத் தமிழில் ஒரு சொற்புலத்தை முன்னரே வகுத்துக்கொள்ள வேண்டும் என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. ஜே. ஆர். ஆர். டோல்கீனின் புராணப் படைப்பும், பிராண்டன் சாண்டர்சனின் 'வார்பிரேக்கர்' (2009) நாவலும் சான்றுகளாகக் கொள்ளப்படுகின்றன.

2. ஒரு சொல்லில் மூன்று பொருள்

காற்று, மூச்சு, உயிர் அல்லது ஆன்மா ஆகிய மூன்றையும் ஒரே சொல்லாலோ, ஒரே வேரில் பிறந்த சொற்களாலோ குறிக்கும் வழக்கம் பல மொழிகளில் காணப்படுகிறது. எபிரேயத்தில் 'ரூவாஹ்' என்னும் சொல் மூன்று பொருளையும் தருகிறது. கிரேக்கத்தில் 'நியூமா' என்பதும் அவ்வாறே. இலத்தீனில் 'ஸ்பிரிதுஸ்' என்பது மூச்சுவிடுதலைக் குறிக்கும் வினையினின்றும் பிறந்தது. உயிரைக் குறிக்கும் இலத்தீன் 'அனிமா', காற்றைக் குறிக்கும் கிரேக்க 'அனெமோஸ்', வடமொழியின் 'பிராண' ஆகிய மூன்றிலும் மூச்சுவிடுதலைக் குறிக்கும் ஒரே தொல்லிந்தோ-ஐரோப்பிய வேர் அமைந்துள்ளது. அரபியில் உயிரைக் குறிக்கும் 'ரூஹ்' என்பதும் காற்றைக் குறிக்கும் 'ரீஹ்' என்பதும் ஒரே மூவெழுத்து வேரின.

இவ்வொருமை ஐரோப்பிய, செமித்திய மொழிகளுக்கே உரியது எனக் கருதுதல் பொருந்தாது. வட அமெரிக்காவின் நவஹோ மக்கள் காற்றைக் குறிக்க வழங்கும் 'நில்சி' என்னும் சொல் வெளியே வீசும் காற்றையும் மனிதனுள் நின்று இயக்கும் ஆற்றலையும் ஒருங்கே சுட்டுகிறது. இக்கருத்தினை ஜேம்ஸ் மெக்னீலி 1981ஆம் ஆண்டு வெளிவந்த தமது நூலில் விரிவாக ஆராய்ந்துள்ளார். வெளியே இயங்குவது காற்று. உள்ளே இயங்குவது மூச்சு. அது நின்றவிடத்து உயிர் இல்லை. இவ்வெளிய அனுபவத்தினின்றும் பல மக்கள் ஒருவரையொருவர் சாராமலே இத்தகைய சொல்லாட்சியை அடைந்தனர் எனக் கருத இடமுண்டு.

இக்கால ஆங்கிலத்தில் நிலை வேறு. இலத்தீனினின்றும் வந்த 'ஸ்பிரிட்' என்னும் சொல் மூச்சு என்னும் பொருளைப் பொதுவழக்கில் இழந்துவிட்டது. அப்பொருளின் சுவடு சில கூட்டுச் சொற்களில் மட்டும் எஞ்சியுள்ளது. ஆகவே ஆங்கிலத்தில் மூச்சுச் சமயத்தைப் படைக்கும் ஆசிரியர்கள் தேய்ந்துபோன அச்சொல்லை விடுத்து, நாள்வழக்கில் உள்ள 'பிரெத்' என்னும் எளிய சொல்லை எடுத்து, அதற்குச் சமயப் பொருளைப் புதிதாக ஏற்றுகின்றனர். பழகிய சொல் புதுப்பொருள் பெறுவதே இவர்தம் உத்தி. மொழிபெயர்ப்பாளர் முதலில் உணர வேண்டுவது இதுவே.

3. தமிழில் இச்சொற்புலத்தின் அமைப்பு

3.1 காற்று, வளி, வாயு

காற்று என்பது பொதுச்சொல். இதன் பழைய வடிவமாகிய 'கால்' சங்க இலக்கியத்தில் பயின்று வருகிறது. பேச்சுவழக்கில் 'காத்து' என்பது தீய ஆற்றலையும் குறிக்கும். ஒருவர் காரணமின்றி நோயுற்றால் 'காத்துக் கருப்பு அண்டிவிட்டது' என்று ஊர்ப்புறங்களில் கூறுவர். எனவே காற்றுக்கும் கட்புலனாகா ஆற்றலுக்கும் தொடர்பு காணும் மரபு தமிழில் இல்லை என்பதற்கில்லை. ஆனால் பேச்சுவழக்கில் அது அச்சம் சார்ந்த தொடர்பாகவே நிற்கிறது.

வளி என்பது இலக்கணத்திலும் மருத்துவத்திலும் இடம்பெற்ற சொல். தொல்காப்பியப் பிறப்பியல், உந்தியினின்றும் எழும் வளி தலை, மிடறு, நெஞ்சு ஆகிய இடங்களில் நிலைபெற்று எழுத்தொலியாகும் முறையைக் கூறுகிறது. திருக்குறளின் மருந்து அதிகாரம் உடலின் மூன்று கூறுகளுள் வளியை முதலாவதாக வைக்கிறது. ஆகவே புறத்தே வீசுவதையும் அகத்தே இயங்குவதையும் ஒருசேரக் குறிக்கும் தகுதி வளிக்கு உண்டு. இன்று இச்சொல் வளிமண்டலம், சூறாவளி முதலான தொடர்களிலேயே மிகுதியும் வழங்குவதால் தனித்து நிற்கும்போது சற்றே அயன்மை தருகிறது.

வாயு என்பது தெய்வப் பெயராக வழங்கும் வடசொல். பஞ்சபூதத் தலங்களுள் ஆந்திரத்தின் காளத்தி வாயுத்தலமாகப் போற்றப்படுகிறது. பிராணன், அபானன், வியானன், உதானன், சமானன் என உடலின் வாயுக்களை ஐவகையாகப் பகுப்பதும் நெடுங்கால மரபே. எனினும் நாள்வழக்கில் 'வாயு' வயிற்றுத் தொல்லையின் பெயர். கற்பனைச் சமயத்தின் பெருங்கடவுளுக்கு இச்சொல்லைத் துணையின்றி வழங்கினால் படிப்பவர் நகைக்கக்கூடும்.

3.2 மூச்சு, உயிர், உயிர்ப்பு

மூச்சு என்பது உடல்வினையைச் சுட்டும் சொல். ஒரே மூச்சில் முடித்தல், மூச்சு விடாதிருத்தல், கடைசி மூச்சு முதலான மரபுத்தொடர்களில் முயற்சி, மௌனம், இறப்பு ஆகிய பொருள்களை அது உணர்த்தினும், தனித்த ஒரு பொருளாக உடலினின்றும் பிரித்து வைத்துப் பேசப்படுவதில்லை.

உயிர் என்பது வாழ்வையும், வாழும் பொருளையும், ஆன்மாவையும் குறிக்கும். அதனோடு தொடர்புடைய 'உயிர்த்தல்' என்னும் வினை மூச்சுவிடுதலைக் குறித்தது. நெட்டுயிர்ப்பு என்பது பெருமூச்சு. எனவே மூச்சுக்கும் உயிருக்கும் உள்ள பிணைப்பு தமிழில் வேர்நிலையிலேயே அமைந்துள்ளது. இலக்கணிகள் ஒலிகளை உயிர், மெய் எனப் பகுத்ததும் இங்குக் கருதத்தக்கது. தடையின்றி வெளிப்படும் ஒலியை உயிர் என்றும், அதனோடு கூடியே இயங்குவதை மெய் என்றும் பெயரிட்ட மரபில், மூச்சும் மொழியும் வாழ்வும் ஒரு கலைச்சொல்லில் சந்திக்கின்றன. உயிர்ப்பு என்பது மூச்சையும் மீள உயிர்பெறுதலையும் குறிக்கும். கிறித்தவ வழக்கில் இறந்து எழுதலைக் குறிக்கும் கலைச்சொல்லாகவும் நிலைபெற்றுள்ளது.

3.3 ஆவி

ஆவி என்பது நீராவி, மூச்சு, உயிர், இறந்தோரின் உருவிலா நிலை எனப் பல பொருள் தருவது. மூச்சு என்னும் பொருளின் சாயலைக் 'கொட்டாவி' என்னும் சொல்லில் இன்றும் காணலாம். இக்காலத்தில் ஆவி பிடித்தல் என்பது சளிக்கு மருத்துவம். ஆவி புகுந்தது என்பது பேய்க்கதை. தூய ஆவி என்பது கிறித்தவ இறையியல். தமிழ்ச் சொற்களுள் 'ஸ்பிரிட்' என்பதற்கு மிக அணுக்கமான பொருட்பரப்பு உடையது இதுவே. ஆயினும் அப்பரப்பின் ஒவ்வொரு பகுதியும் ஏற்கெனவே ஒருவர்க்கு உரிமையாகிவிட்டது.

3.4 தொகுப்பு

மேற்கூறியவற்றால் பெறப்படுவது இதுவாகும். காற்று, மூச்சு, உயிர் என்னும் மூன்று பொருளையும் மூன்று முனைகளாகக் கொண்டால், தமிழில் அவற்றை இணைக்கும் கோடுகள் இல்லாமல் இல்லை. காற்றையும் மூச்சையும் வளி இணைக்கிறது. மூச்சையும் உயிரையும் உயிர்ப்பு இணைக்கிறது. மூச்சையும் உருவிலா ஆற்றலையும் ஆவி இணைக்கிறது. மூன்று முனைகளையும் ஒருங்கே தழுவி இன்றைய வழக்கில் நிற்கும் தனிச்சொல்தான் இல்லை. பொருள் ஒற்றுமை உள்ளது. அது பல சொற்களில் பகிர்ந்து வைக்கப்பட்டுள்ளது.

4. விவிலிய மொழிபெயர்ப்பு தரும் படிப்பினை

இச்சிக்கல் தமிழுக்குப் புதியதன்று. போர்த்துகீசியர் காலத்துக் கத்தோலிக்க வேண்டுதல்களில் மூவொரு கடவுளின் மூன்றாம் ஆள் 'இஸ்பிரீத்து சாந்து' என ஒலிபெயர்ப்பாகவே வழங்கப்பட்டார். புராட்டஸ்டண்ட் சபைகளில் 'பரிசுத்த ஆவி' என்னும் தொடர் நிலைபெற்றது. 1995ஆம் ஆண்டு வெளிவந்த திருவிவிலியப் பொது மொழிபெயர்ப்பு 'தூய ஆவி' என்பதை வழங்குகிறது. தமிழ் முசுலிம்கள் 'ரூஹ்' என்னும் அரபுச் சொல்லையே பேணி வருகின்றனர். கடன்பெறுதல், மொழிபெயர்த்தல், மொழிபெயர்ப்பைத் திருத்துதல் என்னும் மூன்று வழிகளும் இங்குக் காணப்படுகின்றன. ஒரு சமூகம் தலைமுறை தலைமுறையாக ஓதிப் பழகியதால்தான் ஆவி என்னும் சொல் இறையியற் பொருளைத் தாங்கலாயிற்று. நாவலை மொழிபெயர்ப்பவர்க்கு அத்தகைய கால வாய்ப்பு இல்லை. சில நூறு பக்கங்களுக்குள் சொல் நிலைபெற்றாக வேண்டும்.

யோவான் நற்செய்தியின் மூன்றாம் அதிகாரம் எட்டாம் வசனத்தில் 'நியூமா' என்னும் சொல் காற்றாகவும் ஆவியாகவும் இரட்டுற மொழிதலாய் அமைந்துள்ளது. தமிழ் மொழிபெயர்ப்புகள் முதலிடத்தில் காற்று என்றும் அடுத்த இடத்தில் ஆவி என்றும் வழங்குகின்றன. கருத்து பெயர்க்கப்பட்டது, சொல்லொருமை பெயர்க்கப்படவில்லை. மூலத்தின் பல்பொருண்மையே அங்குப் பொருளுணர்த்தும் கருவியாக அமையுமானால் அதனை மொழியியல் நிலையில் பெயர்க்க இயலாமை என ஜே. சி. கேட்ஃபோர்டு (1965) வகைப்படுத்துவார். மூச்சுச் சமயங்களின் மையச் சொற்கள் இவ்வகையின.

இவற்றினும் நுட்பமானது திணை பற்றிய சிக்கல். தமிழ் வினைமுற்று திணையை வெளிப்படையாகக் காட்டும். காற்று, மூச்சு, உயிர், ஆவி ஆகியன அனைத்தும் அஃறிணை முடிபு கொள்வன. உலகம், உயிர், பூதம், ஞாயிறு, சொல் முதலானவை உயர்திணையைக் குறிக்குமிடத்தும் உயர்திணைப் பாலுணர்த்தும் ஈறுகளைக் கொள்ளாமையைத் தொல்காப்பியக் கிளவியாக்கம் தனி விதியாகவே கூறுகிறது. தொடக்கநூலின் இரண்டாம் வசனத்தை இருவகைத் தமிழ் மொழிபெயர்ப்புகளில் ஒப்பிட்டால் இதன் விளைவு புலனாகும். புராட்டஸ்டண்ட் சபைகளில் நெடுங்காலம் வழங்கிவரும் பதிப்பு 'ஆவியானவர்' என ஆக்கி உயர்திணைப் பலர்பால் முடிபு தருகிறது. பொது மொழிபெயர்ப்போ அவ்விடத்தில் 'ஆவி' என்றே நிறுத்தி அஃறிணை முடிபு தருகிறது. பிற இடங்களில் 'தூய ஆவியார்' என்றும் வழங்குகிறது. ஒரு விகுதியைச் சேர்ப்பதும் சேர்க்காதிருப்பதும் ஆவியை ஆளாகக் கொள்வதா ஆற்றலாகக் கொள்வதா என்னும் வினாவிற்கு விடையாகிவிடுகிறது.

கற்பனைச் சமயத்தை மொழிபெயர்ப்பவரும் இவ்வினாவிற்கு முதல் வினைமுற்றிலேயே விடை தந்தாக வேண்டும். ஆங்கிலத்தில் இறந்தகால வினை திணையும் பாலும் காட்டுவதில்லை. மூல ஆசிரியர் காற்றுக் கடவுளை ஆளோ ஆற்றலோ எனப் பல பக்கங்கள் வரை மறைத்து வைத்திருக்கலாம். தமிழில் 'வீசியது', 'வீசினான்', 'வீசினார்' என்பவற்றுள் ஒன்று வந்த உடனே அம்மறைவு வெளிப்பட்டுவிடும். தொழிற்பெயர்களையும் எச்சங்களையும் பயன்படுத்தி முற்றினைத் தள்ளிப்போடுதல் இதற்கு ஓரளவு உதவும்.

5. டோல்கீன்: சொற்பிறப்பில் மறைந்த சமயம்

டோல்கீனின் உலகில் காற்றின் தலைவன் மான்வே. மேகமும் பறவையும் அவன் ஆட்சிக்குட்பட்டவை. கழுகுகள் அவன் தூதர்கள். அவனது சிறப்புப் பெயர் ஸூலிமோ. 1977ஆம் ஆண்டு வெளிவந்த 'சில்மரில்லியன்' அவனை ஆர்தா என்னும் உலகின் மூச்சுக்கு உரிய தலைவனாகக் கூறுகிறது. அங்குக் கோயில் வழிபாடு விரித்துரைக்கப்படவில்லை. நம்பிக்கையின் பெரும்பகுதி பெயர்களிலேயே அடங்கியுள்ளது.

ஒப்பியல் மொழிநூல் வல்லுநராகிய டோல்கீன் இப்பெயரின் பின்னே ஒரு சொல் வரலாற்றையே அமைத்திருந்தார். 1987ஆம் ஆண்டு 'தி லாஸ்ட் ரோடு' என்னும் தொகுதியில் வெளிவந்த அவரது வேர்ச்சொற் பட்டியல், ஊதுதலைக் குறிக்கும் 'தூ' என்னும் வேரின்கீழ் மூச்சைக் குறிக்கும் 'ஸூலே' என்னும் குவென்யாச் சொல்லைத் தந்து, ஸூலிமோவையும் அங்கே ஒப்பிடுகிறது. 'சில்மரில்லியன்' நூலின் பின்னிணைப்போ ஸூலிமோவைக் காற்று என்னும் பொருள்தரும் 'ஸூல்' என்பதோடு சேர்த்துக் கூறுகிறது. 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' (1954-55) நூலின் எழுத்துமுறை பற்றிய பின்னிணைப்பில் 'தூலே' என்றும் 'ஸூலே' என்றும் இரு வடிவங்களில் தரப்படும் சொல்லுக்கு ஆவி என்னும் பொருள் கூறப்படுகிறது. ஆக, ரூவாஹ், நியூமா ஆகியவற்றின் முப்பொருண்மையை அவர் தாம் புனைந்த மொழியிலும் அமைத்துக் காட்டினார் எனலாம். தகரச் சாயலுடைய உரசொலி சகரச் சாயலுடைய உரசொலியாகத் திரிந்தது என்னும் ஒலிமாற்றமும் அவ்விரு வடிவங்களில் காணக்கிடக்கிறது.

மொழிபெயர்ப்பாளர்களுக்கென டோல்கீன் எழுதிய பெயர் வழிகாட்டி 1975ஆம் ஆண்டு நூல்வடிவில் வெளிவந்தது. கதையில் ஆங்கில வடிவில் வரும் பெயர்களைப் பொருள்நோக்கிப் பெயர்க்கலாம். எல்ஃப் மக்களின் மொழிப் பெயர்களை மாற்றாது விடல் வேண்டும் என்பது அதன் அடிப்படை நெறி. இந்நெறிப்படி 'வெதர்டாப்' என்னும் குன்றின் பெயர் தமிழாகலாம். அதன் மறுபெயராகிய 'அமோன் ஸூல்' அவ்வாறே நிற்க வேண்டும். 'வெதர்' என்பதற்கு வானிலை என்று கொண்டால் பெயர் அலுவலக அறிக்கையின் சொல்லாகிவிடும். மறுபெயர் காற்றின் குன்று என்னும் பொருளுடையதாகலின் 'வளிமுடி' என்பது போன்ற ஆக்கம் இரு பெயர்களையும் பொருளால் பிணைக்கும்.

ஸூலிமோ என்னும் பெயரைச் சூலிமோ என எழுதினால் தமிழ் வாசகருக்குச் சூல், சூலம் ஆகிய சொற்கள் நினைவிற்கு வரும். ஆகவே இங்குக் கிரந்த எழுத்தைக் கொள்வது தூய்மை பற்றிய விவாதமாக அன்றிப் பொருண்மைக் காப்பாகவே கருதத்தக்கது. பெயர் பொருள் உணர்த்தாது நிற்பதால் அதனை விளக்கும் அடைமொழி அச்சுமையை ஏற்க வேண்டும். 'ஆர்தாவின் மூச்சுக்குத் தலைவன்' என்றால் உடல்வினை மேலோங்குகிறது. 'காற்றுக்குத் தலைவன்' என்றால் அகப்பொருள் மறைகிறது. 'ஆர்தாவின் உயிர்வளிக்குத் தலைவன்' என்பது இரண்டையும் ஒருவாறு தழுவுகிறது. ஆனால் உயிர்வளி என்பது பள்ளி நூல்களில் ஆக்சிசனுக்கு உரிய கலைச்சொல்லாகவும் வழங்குவதை மறத்தலாகாது. 'உயிர்க்கும் வளிக்குத் தலைவன்' என வினைத்தொடராக்கினால் அவ்விடர் நீங்கும்.

6. சாண்டர்சன்: எண்ணப்படும் மூச்சு

'வார்பிரேக்கர்' நாவலின் உலகில் மாந்தர் ஒவ்வொருவரும் ஒரு மூச்சுடன் பிறக்கின்றனர். மூலத்தில் இச்சொல் பேரெழுத்தில் தொடங்குகிறது. அதனை ஒருவர் வாய்மொழியால் பிறருக்கு அளிக்கலாம். அளித்தவர் இறப்பதில்லை, ஆனால் அவர் உலகை மங்கலாகக் காண்கிறார், அவரிடம் ஏதோ ஒன்று குன்றிவிடுகிறது. ஐம்பது மூச்சு பெற்றவர் முதல் உயர்நிலையையும் இருநூறு பெற்றவர் இரண்டாம் உயர்நிலையையும் அடைவர். ஹாலந்திரன் நாட்டில் இறந்து மீண்டோர் தெய்வங்களாக வழிபடப்படுகின்றனர். அத்தெய்வங்கள் வாழ வாரந்தோறும் ஒரு மூச்சு தேவை. வறியோர் தம் மூச்சையும் தம் பிள்ளைகளின் மூச்சையும் பொருளுக்கு விற்கின்றனர். அண்டை நாடாகிய இத்ரிஸின் மக்கள் இதனைப் பெரும்பழியாகக் கருதுகின்றனர். அவர்களுக்கு மூச்சு என்பது ஒருவரின் உயிரோடு ஒன்றிய, விலை கூறத்தகாத புனிதம்.

இங்கு மொழிபெயர்ப்பாளர் மூன்று இடர்களைச் சந்திக்கிறார். தமிழில் பேரெழுத்து இல்லை என்பது முதலாவது. இயல்பான மூச்சும் சமயப் பொருளான மூச்சும் எழுத்தளவில் வேறுபடா. மேற்கோள் குறியிட்டோ தடித்த எழுத்தாலோ வேறுபடுத்தினால் சில பக்கங்களிலேயே சலிப்புத் தட்டும். இச்சொல் எண்ணுப்பெயராக வருவது இரண்டாவது. அது ஈதல் வினையோடு வருவது மூன்றாவது. கீழ்வரும் தொடர்களை நோக்குக:

(1) அவள் தன் உயிரை அவனுக்குத் தந்தாள்.
(2) அவள் தன் ஆவியை அவனுக்குத் தந்தாள்.
(3) அவள் தன் மூச்சை அவனுக்குத் தந்தாள்.
(4) அவள் தன் உயிர்ப்பை அவனுக்குத் தந்தாள்.

முதல் தொடர் அவள் இறந்தாள் என்றோ அவனுக்காகத் தியாகம் செய்தாள் என்றோ பொருள்படும். இரண்டாவது பழைய செய்யுள் வழக்கை ஒட்டி அதே பொருளைத் தரும். மூன்றாவது நீரில் மூழ்கியவருக்கு முதலுதவி செய்த காட்சியை எழுப்பும். நான்காவது தொடருக்கு நாள்வழக்கில் நிலைத்த பொருள் இல்லை. விளங்கியும் விளங்காமலும் நின்று, கதை தரப்போகும் விளக்கத்திற்கு இடம் விடுகிறது.

எண்ணிக்கையிலும் இவ்வேறுபாடு தொடர்கிறது. 'ஐம்பது உயிர்கள்' என்றால் தமிழில் ஐம்பது பேர் அல்லது ஐம்பது உயிரினங்கள். 'அவன் ஐம்பது உயிர்களைக் கொண்டான்' என்றால் அவன் கொலையாளி. 'ஐம்பது மூச்சு' என்பது கால அளவாகவோ பயிற்சியின் எண்ணிக்கையாகவோ கொள்ளப்படும். 'ஐம்பது உயிர்ப்பு' என்பது அயன்மை உடையதெனினும் பிழைபடப் பொருள் கொள்ளப்படுவதில்லை.

இச்சிக்கலின் உண்மையான எடை நாவலின் அறவினாவில் உள்ளது. ஒரு சிறுமி தெய்வத்தின் முன் நின்று தன் மூச்சை அளிக்கும் காட்சியில், அவள் இறக்கவில்லை. அவள் குடும்பம் பொருள் பெற்றது. ஆயினும் இழைக்கப்பட்டது கொடுமையா அன்றா என்பதே வினா. தமிழில் உயிர் என்று வழங்கினால் அது நரபலியாகிவிடும், வினாவிற்கு இடமில்லை. மூச்சு என்று வழங்கினால் அவள் இழந்தது ஒன்றுமில்லை என்று தோன்றும். அப்போதும் வினாவிற்கு இடமில்லை. வேறு வகையில் கூறினால், உயிர் என்பது இத்ரிஸ் நாட்டார் கொள்கை; மூச்சு என்பது வாங்கி விற்போர் தரப்பு. மொழிபெயர்ப்பாளர் இவற்றுள் ஒன்றைத் தேர்ந்தால் இரு சமயத்தாரின் வழக்கில் ஒரு பக்கம் சாய்ந்து தீர்ப்பளித்தவராகிறார்.

உயிர்ப்பு என்னும் சொல்லை மையச் சொல்லாகக் கொள்வதற்கும் ஓர் இடையூறு உண்டு. கிறித்தவ வழக்கில் அது இறந்து எழுதலைக் குறிப்பதாலும், இந்நாவலில் இறந்து மீண்டோரே தெய்வங்களாக வருவதாலும் இரண்டும் குழம்பக்கூடும். ஆகவே உயிர்ப்பைக் கொள்வோர் அத்தெய்வங்களுக்கு 'உயிர்த்தெழுந்தோர்' என்பதை விலக்கி 'மீண்டோர்' என வழங்குதல் வேண்டும். மூச்சிழந்தோருக்கு மூலம் நிறமங்கலைக் குறிக்கும் சொல்லை வழங்குவதால் 'வெளிறியோர்' என்பதும், உயிரற்ற உடலாய் ஏவல் செய்வோருக்கு 'உயிரிலி' என்பதும் இசையும். ஒரு சொல்லின் தேர்வு பிற சொற்களின் தேர்வைக் கட்டுப்படுத்துவதை இங்குக் காணலாம்.

இந்நாவலில் மூச்சினை ஏவும் ஆணைகள் ஏவுவோரின் தாய்மொழியிலேயே தெளிவாக ஒலிக்கப்பட வேண்டும் என்னும் விதியும் உண்டு. மூச்சு, மொழி, வாழ்வு ஆகியவற்றை ஒரே சொல்லால் பிணைத்த தமிழ் இலக்கண மரபு இவ்விடத்தில் மொழிபெயர்ப்பாளருக்குத் துணையாகிறது. உயிர்ப்பும் உயிரெழுத்தும் ஒரே பக்கத்தில் வரும்போது தமிழ் வாசகர் பெறும் இயைபு ஆங்கில மூலத்தில் இல்லாதது.

7. மொழிபெயர்ப்பு நெறிகள்

மேற்கண்ட ஆய்வினின்றும் சில நெறிகளைத் தொகுத்துக் கூறலாம்.

முதலாவதாக, நூல் முழுவதையும் படித்து, காற்று, மூச்சு, உயிர் ஆகியவை மூலத்தில் எங்கு ஒன்றுபடுகின்றன, எங்கு வேறுபடுகின்றன எனப் பட்டியலிட்ட பின்னரே மையச் சொல்லைத் தேர்தல் வேண்டும். வினை, எண், வேற்றுமை ஆகியவற்றோடு சேர்த்து மேலே காட்டியது போன்ற தொடர்களில் அச்சொல்லைச் சோதித்தல் நன்று.

இரண்டாவதாக, மூலத்தில் சமயத்தாரிடையே கருத்து வேறுபாடு இருப்பின் மையச் சொல் எத்தரப்பையும் சாராததாக இருத்தல் வேண்டும். ஒரு தரப்பாரின் பேச்சில் மட்டும் உயிர் என்பதையும் மறுதரப்பாரின் பேச்சில் மட்டும் மூச்சு என்பதையும் இடையிடையே அமைத்தால் வழக்கு தெளிவுபெறும்.

மூன்றாவதாக, காற்றுக்குத் திசைத் தெய்வங்கள் கூறப்படுமிடத்துத் திசையை அன்றிப் பண்பை நோக்குதல் வேண்டும். தமிழ் மரபில் தெற்கினின்று வருவது தென்றல், வடக்கினின்று வருவது வாடை, கிழக்கினின்று வருவது கொண்டல், மேற்கினின்று வருவது கோடை. கிரேக்கரின் வடகாற்றான போரியாசும் வாடையும் குளிர்மையால் ஒத்தன. ஆனால் மேல்காற்றான செஃபிரஸ் இளவேனிலின் மென்காற்று. தமிழில் மேல்காற்றான கோடை வெம்மையுடையது. செஃபிரஸை ஒத்த கற்பனைத் தெய்வத்திற்குத் திசைநோக்கிக் கோடை எனப் பெயரிட்டால் அதன் இயல்பே தலைகீழாகும். தென்றல் எனின் திசை பிழைபடும். கதையில் திசைக்குச் செயல் உண்டா என்பதைப் பொறுத்தே இது முடிவு செய்யப்படும்.

நான்காவதாக, இந்தியச் சமயச் சொற்கள் கற்பனை நூல்களின் வழியே திரும்பி வருவதை எச்சரிக்கையோடு கையாளுதல் வேண்டும். 2005 முதல் 2008 வரை வெளிவந்த 'அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்' தொலைக்காட்சித் தொடரின் காற்று நாடோடிகள் திபெத்தியத் துறவியரின் சாயலில் அமைந்தவர்கள், அத்தொடரில் அவதாரம், சக்கரம் ஆகிய சொற்கள் அயற்சொற்களாகவே ஒலிக்கின்றன. தமிழில் அவை வீட்டுச் சொற்கள். மூலத்தின் அயன்மை மறைந்து, திருமாலின் அவதாரமும் யோக நூல்களின் சக்கரமும் முன்வந்து நிற்கும். இத்தகைய இடங்களில் சொல்லை மாற்ற இயலாது. சூழலை நன்கு விளக்கிப் பொருளை வரையறுக்கலாம்.

8. முடிவுரை

கற்பனைச் சமயம் என்பது மெய்யான சமயம் அன்று என்பதால் அதன் சொற்களை எளிதாகப் பெயர்த்துவிடலாம் எனக் கருதுவோர் உளர். ஆய்ந்து நோக்கின் நிலைமை மறுதலையாக உள்ளது. மெய்ச் சமயத்தின் சொல் பிழைபடினும் அதனைத் திருத்திப் பொருளேற்றும் சமூகம் ஒன்று உண்டு. இஸ்பிரீத்து சாந்து தூய ஆவியானது அவ்வாறே. கற்பனைச் சமயத்திற்கு நூலுக்கு வெளியே அடியார் இலர். அதன் மையச் சொல் பிழைபட்டால் நம்பிக்கையும் அதன்மேல் எழும் அறவினாவும் வாசகரை வந்தடையா.

தமிழில் காற்று, மூச்சு, உயிர் என்னும் முப்பொருண்மை ஒரு சொல்லில் குவியாது பல சொற்களில் பகிர்ந்து நிற்பதைக் குறை எனக் கொள்ள வேண்டுவதில்லை. மூலம் ஒரே சொல்லால் மறைத்துவைக்கும் வேறுபாடுகளைத் தமிழ் மொழிபெயர்ப்பாளர் எங்கே திறப்பது, எங்கே மூடுவது எனத் தாமே தீர்மானிக்க அது இடமளிக்கிறது. அத்தீர்மானம் முதல் பக்கத்தை மொழிபெயர்க்கும் முன்னரே எடுக்கப்பட வேண்டியது என்பதும், திணை முடிபு உள்ளிட்ட இலக்கணக் கூறுகளும் அதில் அடங்கும் என்பதும் இவ்வாய்வால் பெறப்படும்.